படப்பெட்டி வராத சாயங்காலம்

என் மனைவிக்குப் பிறவியிலேயே காது கேட்காது; பேச்சும் இல்லை. அதைச் சொல்லித்தான் கட்டிவைத்தார்கள். நானும் தெரிந்தேதான் தலையாட்டினேன். ஆனால் பந்தல்குடியில் என் பஞ்சர் கடைப் பக்கம் யாராவது 'ஊமைச்சி புருஷன்' என்று சொல்லிவிட்டால் சுருக்கென்று தைக்கும். தெருவில் அவளுக்குப் பத்தடி முன்னால் நடப்பேன். கல்யாணமாகி மூன்று மாதம், அவள் சிரித்து நான் பார்த்ததில்லை. தப்பு என்னுடையதுதான்.

அம்மா திட்டியதால் ஒரு சனிக்கிழமை அவளை டூரிங் கொட்டகைக்குக் கூட்டிப்போனேன். ஆண்களுக்கும் பெண்களுக்கும் நடுவில் இடுப்பளவு மண்சுவர். அவள் அந்தப் பக்கம், நான் இந்தப் பக்கம். அருப்புக்கோட்டை பஸ்ஸில் வரவேண்டிய படப்பெட்டி வரவில்லை. கூட்டம் கொட்டகையைப் பிரித்துவிடும் என்று பயந்த ஆபரேட்டர், கையிலிருந்த பழைய வெள்ளைக்காரத் துண்டுப்படம் ஒன்றை ஓட்டினார். ஒரு குண்டு ஆள் தோளில் ஏணியோடு திரும்புகிறான். பின்னால் நின்ற போலீஸ்காரர் தொப்பியோடு தண்ணீர்த் தொட்டிக்குள் விழுகிறார்.

"ஏலே, சவுண்டு எங்கலே?" விசில் பறந்தது.

ஆபரேட்டர் தலையை நீட்டி, "கத்தாதீகப்பா, இது ஊமைப் படம்" என்றார்.

"ஊமைப் படம் யாருக்கு வேணும்? நிறுத்து!"

அப்போது சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு சிரிப்பு கேட்டது. கரகரவென்று ஏறி இறங்கும், கொஞ்சமும் அடக்கமில்லாத சிரிப்பு. முன்பின் கேட்டதில்லை என்றாலும் யாருடையது என்று தெரிந்துவிட்டது. அதற்குள் படம் நின்றது. எட்டிப் பார்த்தேன். அவள் வெறும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ! எழுந்து நின்று, "ஊமைப் படத்தையே போடுங்க! எம் பொண்டாட்டி பாக்குறா!" என்று கத்தினேன். 'எம் பொண்டாட்டி' என்ற வார்த்தை என் வாயில் வந்தது அதுதான் முதல் தடவை.

"அந்தப் புள்ள சிரிக்கட்டும், போடுங்கய்யா" என்றாள் பெண்கள் பக்கம் ஒருத்தி. படம் மறுபடி ஓடியது. அவள் சிரிக்க, அவளைப் பார்த்துப் பெண்கள் சிரிக்க, கடைசியில் கொட்டகையே சிரித்தது.

பெட்டி வரவே இல்லை. திரும்பும்போது பழக்கதோஷத்தில் முன்னால் நடந்தேன். அந்தச் சிரிப்பை இன்னொரு தடவை கேட்க ஆசையாக இருந்தது. எப்படிக் கேட்பது? கால் இடறியதுபோல நடுரோட்டில் தொப்பென்று விழுந்தேன். பதறி ஓடிவந்தவள் என் முகத்தைப் பார்த்தாள். அப்புறம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தபடி ரோட்டிலேயே உட்கார்ந்துவிட்டாள். எனக்கு முழங்கை சிராய்த்து எரிந்தது; அது கிடக்கட்டும்.

அன்றிலிருந்து நான் அவளுக்கு முன்னால் நடந்ததில்லை. முன்னால் போனால் என் முகம் அவளுக்குத் தெரியாதே.