கஞ்சிப் பானையில் கரைந்த சீட்டுகள்

மவுண்ட் கேரோ கரும்புத் தோட்டத்தில் ஃபிபா துணி வெளுப்பவள். பத்து வயதில் தாயோடு விலைக்கு வந்தவள். துரையின் சட்டைக் காலர் அட்டை மாதிரி நிற்க வேண்டுமென்றால் அவள் காய்ச்சும் மரவள்ளிக் கஞ்சிதான் வேண்டும் என்று பெரிய வீட்டில் எல்லோரும் சொல்வார்கள். ஞானஸ்நானத்தில் பாதிரியார் அவளுக்குத் தொற்காள் என்று பெயர் வைத்தார். அந்தப் பெயரைச் சொல்லி அவளை யாரும் கூப்பிட்டதில்லை.

அவள் ஜெபக் குழுவில் அவளைத் தவிர எட்டுப் பேர் இருந்தார்கள். மூன்று மாதத்துக்கு ஒருமுறை பாதிரியார் ஒவ்வொருவருக்கும் ஒரு சபைச் சீட்டு கொடுப்பார். விரல் நீளக் காகிதம், அதில் ஒரு வசனம். வாசிக்கத் தெரிந்தவர்கள் யாருமில்லை. ஆனாலும் சாகும்போது அந்தச் சீட்டை உள்ளங்கையில் வைத்துத்தான் புதைப்பார்கள். துரை சீட்டு எழுதித் தராமல் தோட்டத்து எல்லையைத் தாண்டினால் முதுகுத் தோல் உரிந்துவிடும். பரலோகத்துக்கு மட்டும் வெறுங்கையோடு போனால் வாசலில் விட்டுவிடுவார்களா என்ன? அப்படி நினைப்பது தப்பு என்று பாதிரியார் எத்தனையோ முறை கடிந்துகொண்டார். அவர் வெள்ளைக்காரர், அவரை யாரும் எந்த வாசலிலும் நிறுத்தியதில்லை, அதனால் அவருக்குத் தெரியாது என்று தங்களுக்குள் பேசிக்கொண்டார்கள்.

ஒரு வருஷம் கிறிஸ்துமஸ் முடிந்த கையோடு மேற்கே தோட்டங்கள் பற்றி எரிந்தன. அடிமைகள் வேலைக்குப் போக மாட்டோம் என்று உட்கார்ந்துவிட்டார்கள். பட்டாளம் வந்தது. மூட்டிவிட்டது ஜெபக்கூடத்துக்காரர்கள்தான் என்று துரைமார்கள் முடிவு கட்டினார்கள். பாதிரியாரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். சபைச் சீட்டு யாரிடம் இருந்ததோ அவன் கலகக்காரன். பக்கத்துத் தோட்டத்தில் ஒரு வண்டிக்காரனைச் சீட்டோடு பிடித்துச் சந்தையில் தூக்கில் போட்டார்கள்.

சீட்டை வைத்திருக்கவும் பயம், எரிக்கவும் பயம். எட்டுப் பேரும் ஒருவர் பின் ஒருவராக வந்து ஃபிபாவிடம் கொடுத்துவிட்டுப் போனார்கள். பெரிய வீட்டுத் துணிக்காரியைச் சோதிக்க மாட்டார்கள் என்று ஒரு கணக்கு. கடைசியாக வந்தவள் மிம்பா. கரும்பாலையில் அவளுடைய வலது கை முழங்கைவரை போய், புண் ஆறாமல் கிடந்தாள். இடது கையால் சீட்டை நீட்டி, "எனக்குத்தான் முதல்ல தேவைப்படும்க்கா. மேலாக வை," என்று சிரித்தாள்.

தன்னுடையதையும் சேர்த்து ஒன்பது சீட்டையும் ஃபிபா தலைத்துணி மடிப்பில் செருகிக்கொண்டாள். அன்றிலிருந்து குனியப் பயம். காற்று அடித்தால் பயம். பெரிய வீட்டு நாய் அவளைப் பார்த்துக் குரைத்தாலும் பயம்.

நான்காம் நாள் காலை, கஞ்சி காய்ச்சிக்கொண்டிருந்தபோது பட்டாளத்தார் குடிசை வரிசையைக் குடைவது தெரிந்தது. பிறகு துவைக்கும் இடத்தை நோக்கி வந்தார்கள். ஒரு சிப்பாய் வழியில் வந்த சமையல்காரியின் தலைத்துணியை உருவி உதறினான். ஃபிபா வியர்வை துடைப்பதுபோலக் கையை மேலே கொண்டுபோனாள். மறு நிமிடம் ஒன்பது சீட்டும் கொதிக்கும் கஞ்சிக்குள் இருந்தன. துடுப்பைப் போட்டு அழுத்திக் கிண்டினாள்.

நிமிர்ந்தால் எதிரே கங்காணி ஹெக்டர். சாட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு அவள் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனும் அடிமைதான். ஆனால் ஒரு வார்த்தை சொன்னால் அவனுக்கு ரம்மும் புதுச் சட்டையும் கிடைக்கும்.

சிப்பாய்கள் வந்து அவள் தலைத்துணியைப் பிரித்தார்கள். பாவாடையை உதறச் சொன்னார்கள். ஒருவன் பானைக்குள் எட்டிப் பார்த்தான்.

"என்னடி, கஞ்சி கறுத்துப்போயிருக்கு?" என்றான் ஹெக்டர்.

அவள் துடுப்பை நிறுத்தவில்லை. "அடிப்பிடிச்சிருச்சுண்ணே."

"இத்தனை வருஷம் காய்ச்சுற, இன்னும் பக்குவம் வரல. துரை சட்டையில கறை விழுந்துச்சோ, நானே உன் தோலை உரிப்பேன்." சிப்பாயின் பக்கம் திரும்பி, இவள் எப்போதும் இப்படித்தான், பேச்சுதான் அதிகம் என்று ஏதோ சொல்லி அவனைச் சிரிக்க வைத்துக் கூட்டிப்போனான். எட்டுப் பேரும் கொடுத்த சீட்டில் ஒன்று அவன் மனைவியுடையது. அது அவனுக்குத் தெரியுமா என்று ஃபிபா கடைசிவரை கேட்கவில்லை.

கஞ்சியைக் கொட்டினால் கேள்வி வரும். சாயங்காலம் துரையின் ஆறு சட்டைகளை அதிலேயே முக்கியெடுத்தாள். கூழாகிப்போன காகிதம் விரலிடுக்கில் ஒட்டியது. தூக்குக் கயிற்றுப் பயம் போய் அதைவிடப் பெரிய பயம் அப்போதுதான் பிடித்தது. எட்டுப் பேரின் வழியை அவள் அடைத்துவிட்டாள்.

இரண்டு நாள் கழித்து மிம்பா ஆளனுப்பினாள். குடிசையில் அழுகல் வாடை. இடது கையை விரித்து நீட்டிக்கொண்டே படுத்திருந்தாள். பொய் சொல்லி வேறு ஏதாவது காகிதத்தை வைத்துவிடலாமா என்று ஃபிபா வழியெல்லாம் யோசித்துக்கொண்டு வந்தாள். அந்தக் கையைப் பார்த்ததும் முடியவில்லை. நடந்ததைச் சொன்னாள்.

மிம்பா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"அப்ப நான் வாசல்லயே உக்காந்திருக்கேன்," என்றாள் கடைசியில். "நீ வந்து சொல்லு. சீட்டு இருந்துச்சு, நான்தான் கரைச்சேன்னு. நீதான சொல்லணும்."

"சொல்றேன்."

"பயத்துல மாத்திச் சொல்லிராத."

விடியுமுன் மிம்பாவின் உயிர் போய்விட்டது. சீட்டில்லாத கையை மூடித்தான் புதைத்தார்கள்.

மற்ற ஏழு பேரும் ஃபிபாவிடம் அதே வாக்கை வாங்கிக்கொண்டார்கள். ஆறு வருஷம் கழித்து விடுதலை வந்தது. எல்லை தாண்ட யாரும் சீட்டுக் கேட்கவில்லை. வந்த புதுப் பாதிரியார் எல்லோருக்கும் சபைச் சீட்டு கொடுத்தார். அதற்குள் இறந்துபோன ஐந்து பேருக்கு எப்படிக் கொடுப்பார்?

ஃபிபா இன்னும் நெடுங்காலம் இருந்தாள். மற்ற கிழவிகள் போக வேண்டுமென்று ஜெபித்தபோது, அந்த வாசலில் மாற்றிச் சொல்லிவிடுவோமோ என்ற பயத்தில் அவள் இருக்க வேண்டுமென்று ஜெபித்தாள். காய்ச்சல் வரும்போதெல்லாம் உதடு முணுமுணுக்கும். பக்கத்திலிருப்பவர்கள் ஜெபம் என்று நினைப்பார்கள். எட்டுப் பேருக்கும் சீட்டு இருந்தது, நான்தான் கரைத்தேன், நான்தான் கரைத்தேன் என்று அவள் தப்பில்லாமல் சொல்லிப் பார்த்துக்கொண்டிருப்பாள்.