பாதி கண்ட்ரோலர்

மகளின் கண்ட்ரோலரைக் கணினி விளையாட்டு ஏற்கவில்லை. அது வேறொரு கண்ட்ரோலர் என்று விளையாட்டை நம்பவைக்கும் மென்பொருளைப் போட்டு, கார்ப் பந்தயத்தில் சோதித்தேன்.

தொண்ணூறுகளில் டத்தோ கிராமாட் பகுதியில் இருந்த எங்கள் வீட்டில் அண்ணனும் இப்படியொன்றைப் போட்டுத் தந்தான். பக்கவாதத்தில் அப்பாவின் வலக்கை விழுந்திருந்தது. கண்ட்ரோலரின் இடப்பாதியை அவரும் வலப்பாதியை நானும் பிடித்துக்கொள்வோம். தைல வாடையோடு அவர் தோள் என்மேல் சாய்ந்திருக்கும். அவர் திருப்புவார், நான் வேகம் கூட்டுவேன்.

"பாலிக் புலாவ் கார்னர் மாதிரி இருக்கு, மெதுவா லா," என்பார், தான் ஓட்டிப் பழகிய மலைப்பாதை வளைவுகளை நினைத்து. நேர்சாலை வந்ததும் வேகம் கூட்டச் சொல்வார், "இப்ப எண்ணெய அமுக்கும்மா!"

வெளியே அவருடைய கார் உறைக்குள் நின்றது.

இன்றும் என் வலக்கட்டைவிரல் தானாகவே எண்ணெயை அமுக்கியது. திருப்ப ஆளில்லாமல் கார் நேரே போய்ச் சுவரில் மோதியது.