பதினொரு கொழுக்கட்டையும் நனையாத கையும்

கிழங்கு சோறாகாது என்று எங்களுக்குச் சொல்லியனுப்பிய மனிதர், என் கையால் செய்த கொழுக்கட்டையில் பதினொன்றைத் தின்றவர். பரிமாறியவள் நான். இத்தனை வருஷம் ஆகியும் அந்த எண்ணிக்கை மறக்கவில்லை. மறக்கிற உத்தேசமும் இல்லை.

ஜப்பான் சண்டையால் பர்மா அரிசி நின்றுபோன காலம் அது. தூத்துக்குடி ரேஷன் கடையில் கால் கடுக்க நின்றால் கல்லும் புழுவுமாக ஏதோ கிடைக்கும், அதுவும் வாரத்தில் நாலு நாளைக்குக் காணாது. அப்பாவுக்குத் துறைமுகத்துக்குப் போகிற ரோட்டில் கருப்பட்டிக் கடை. அம்மா இல்லை. அடுப்படி என் பொறுப்பு, தங்கச்சி எனக்கு எடுபிடி. அந்தச் சமயம் பார்த்து, ஸ்ரீவைகுண்டத்திலிருந்து என்னைப் பெண் பார்க்க வருகிறார்கள் என்று தரகர் வந்து சொன்னார்.

அவர்களும் எங்கள் ஆட்கள்தான். இரண்டு தலைமுறைக்கு முன்னால் எங்களைப் போலவே உடன்குடிச் செம்மண்ணில் பனங்கிழங்கு தின்று வளர்ந்த குடும்பம். ஆற்றுப் பாசனத்தில் கொஞ்சம் வயல் வாங்கியதும், பிறந்ததே நெற்குதிருக்குள் என்பது போலப் பேச ஆரம்பித்துவிட்டார்கள்.

எங்களில் ஒரு வழக்கம் உண்டு. பெண் பார்க்க வந்த வீட்டில் காப்பி குடிக்கலாம், வெற்றிலை போடலாம். இலை போட்டு உட்கார்ந்து சாப்பிட்டால் மட்டும் சம்மதம் என்று அர்த்தம். அதைக் கை நனைப்பது என்போம். கை நனைத்தபின் பேச்சு மாறுவது கிடையாது. பெண்ணைப் பிடித்தால் அன்றைக்கே கை நனைத்துவிடுவார்கள் என்று தரகர் சொல்லிவிட்டுப் போனார். வீட்டில் இருந்ததோ ஒரு உழக்கு அரிசி. கள்ள மார்க்கெட்டில் வாங்க அப்பாவுக்குப் பயம், பிடிபட்டால் கடைக்குப் பூட்டு விழும்.

பக்கத்து வீட்டு அக்காவிடம் போய் அழுதேன். அவள் மாதா கோயிலுக்குப் போகிற வேதக்காரி, புருஷன் சங்கு குளிக்கப் போகிறவர். "ஏளா, அழுதா அரிசி வந்துருமா? ஒங்க வீட்ல என்ன கெடக்குன்னு சொல்லு" என்றாள். பனங்கிழங்கு மாவு கிடந்தது. கிழங்கை அவித்து, கீறிக் காயவைத்து, இடித்துச் சலித்த மாவு. நாங்கள் அதில் தேங்காயும் கருப்பட்டியும் போட்டு உருண்டை பிடிப்போம், அதற்கு மேல் ஒன்றும் தெரியாது. அக்கா வீட்டில் கிறிஸ்துமஸுக்கு முந்திரிப்பருப்பையும் தேங்காயையும் அரைத்து, நெய்விட்டு, கிராம்பு தட்டிப் போட்டுக் கிண்டுவார்கள். அதைப் பூரணமாக உள்ளே வைத்து எங்கள் மாவால் மூடினால் என்ன என்றாள். சீனிக்குப் பதில் எங்கள் கருப்பட்டி. அவள் வழக்கமாகச் சேர்க்கிற முட்டையை, நல்ல காரியத்தில் கவிச்சி ஆகாதென்று விட்டுவிட்டோம்.

முதல் ஈடு வெடித்து, பூரணமெல்லாம் இட்லிக் கொப்பரையில் கிடந்தது. இரண்டாவதும் வெடித்தது. எனக்கு மாவைத் தூக்கி எறியலாம் போல வந்தது. அக்கா மரவள்ளிக்கிழங்கை அவித்து மசித்து மாவோடு சேர்த்துப் பிசைந்தாள், அதன்பிறகு விரிசல் விடவில்லை. ஓரத்தைக் கயிறு திரிக்கிற மாதிரி முறுக்கி மூடக் காட்டிக்கொடுத்தாள். ஆவியில் வெந்து இறக்கியபோது பனங்கிழங்கு வாசமும் கிராம்பு வாசமும் சேர்ந்து தெருவரை போயிற்று. ஒரு அரிசிமணிகூட அதில் கிடையாது. அதை நான் குறையாக நினைக்கவில்லை. பெருமையாகத்தான் இருந்தது.

வந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா என் சடையை இழுத்துப் பார்த்தாள், நடக்கச் சொன்னாள். எல்லாவற்றுக்கும் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். பிறகு தரகர் உள்ளே வந்து, "பிடிச்சுப் போச்சு தாயி. கை நனைக்கோம்னு சொல்லுதாங்க, இலையப் போடு" என்றார். அரிசி இல்லாததை அப்பா மறைக்காமல் சொன்னார். மாப்பிள்ளையின் அப்பா பெரிய மனுஷத்தனமாக, "அதனால என்ன அண்ணாச்சி, ஊருக்கே உள்ளதுதான" என்றார். பெண்ணே பரிமாறட்டும் என்றாள் அந்த அம்மாள். மாப்பிள்ளை ஆறு தின்றான். அவன் அப்பா பதினொன்று. "இன்னொண்ணு வை தாயி" என்று அவரே கேட்டுக் கேட்டு வாங்கினார். எழுந்தபோது செம்பில் தண்ணீர் கொண்டுபோய் அவர் கையில் ஊற்றியவளும் நான்தான்.

மூன்றாம் நாள் தரகர் வந்தார். "தப்பா நெனைக்காதீங்க அண்ணாச்சி. அவங்களுக்கு வேற எடம் தெகைஞ்சிருக்கு. நெல்லு உள்ள வீடு."

"கை நனைச்சாங்களே" என்றார் அப்பா.

"இலையில சோறு விழலையே? கிழங்கு பலகாரந்தான. அது கை நனைச்சதா ஆகாதுன்னு சொல்லுதாங்க."

பதினொன்று உள்ளே போகும்போது அது சாப்பாடு, ஏப்பம் விட்டபின் பலகாரமா? தரகர் அதோடு நிறுத்தியிருக்கலாம். தொண்டையைச் செருமிக்கொண்டு, "இன்னொரு காரியம். கல்யாணத்துல இத்தன பேருக்குத்தான் சோறு போடலாம்னு சர்க்கார் கட்டுப்பாடு இருக்குல்லா? அரிசியில்லாத பண்டம்னா அந்தக் கணக்குல வராது. அந்தக் கொழுக்கட்டப் பக்குவத்த எழுதி வாங்கிட்டு வரச் சொன்னாங்க. மாவும் ரெண்டு படி கேக்காங்க" என்றார்.

அடுப்படியை விட்டு வெளியே வந்துவிட்டேன். "சோறில்லாத பண்டம் அவங்களுக்கு எதுக்காம்? வெக்கமில்லாம கேக்காங்கன்னா, நீங்களும் அதச் சுமந்துகிட்டு வாரீங்களோ?" என்று கத்தினேன். தரகர் மிரண்டுபோய் எழுந்தார். அப்பா என்னைத் திட்டுவார் என்று நினைத்தேன். அவர் பக்கத்தில் வந்து, குரலைத் தாழ்த்தி, "சொல்லிரு தாயி. அவங்க வீட்ல இளையவன் ஒருத்தன் இருக்கான். தங்கச்சிக்கு நாளைக்கு ஒரு வழி பிறக்கும்" என்றார். மாவு அளக்கப் படியை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். தங்கச்சி கதவோரம் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சொன்னேன். தரகர் முழங்காலில் காகிதத்தை வைத்துப் பென்சிலால் எழுதினார்.

இளையவனுக்கும் அவர்கள் நெல்லுள்ள வீட்டில்தான் பெண் எடுத்தார்கள். அந்த ஆட்கள் மேல் உள்ள கோபத்தை நான் இன்றைக்கும் தாங்கிக்கொள்வேன். தாங்க முடியாதது என் மேல் எனக்குள்ள கோபம். ஒரு அளவையாவது மாற்றிச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. தரகர் ஓர் இடத்தில் தப்பாக எழுதியிருந்தார். நல்லபடியாக வரவேண்டுமே என்று, காகிதத்தைத் திரும்ப வாங்கி என் கையாலேயே திருத்திக் கொடுத்தேன்.