பக்கத்தில் நின்ற கல்

அரியாங்குப்பத்தில் ஒரு தையல் கடையில் நின்றுகொண்டிருந்தபோதுதான் ஜமால் பாய் இறந்த செய்தி எனக்கு வந்தது. புதிதாகத் தைத்த ஜாக்கெட் தோளில் தொளதொளவென்று தொங்கியது. "அளவு ஜாக்கெட் குடுத்திருந்தா இப்பிடி ஆயிருக்காது மேடம். நீங்கதான் இல்லன்னுட்டீங்க" என்று தைத்த பெண் என் மேலேயே குறை சொன்னாள். இல்லாமல் என்ன? என் அளவு ஜாக்கெட் பாகூரில், ஜமால் பாய் கடை அலமாரியில் இரண்டு வருடமாகக் கிடந்தது. போய்க் கேட்க எனக்கு முகம் இல்லை. அந்த நேரத்தில்தான் போன் அடித்தது. பாய் கடைக்குப் பக்கத்தில் செல்போன் கடை வைத்திருக்கும் குமார். "டீச்சர், நம்ம பாய் போயிட்டாரு. காலைல தொழுதுட்டு வந்து, டீ போடுன்னு சொல்லிட்டு உக்காந்தவரு அப்பிடியே சாஞ்சிட்டாரு. மத்தியானமே எடுத்துடுவாங்க, வந்துடுங்க" என்றான்.

போனேன். அவர்கள் வீட்டுத் தெருவில் பெண்களோடு நின்றேன். அழுகை வரவில்லை. நான் சொல்ல வேண்டியிருந்த ஒரு வார்த்தையை இனி யாரிடம் சொல்வது என்ற எரிச்சல்தான் வந்தது. எரிச்சல் என் மேல்தான்.

கடைத்தெருவில் துணி கொடுத்த உங்களுக்கு அவர் ஜமால் டெய்லர். பள்ளி திறக்கும் மாதத்தில் அவர் கடை வாசலில் நீங்கள் நின்று சண்டை போட்டிருப்பீர்கள். ஞாயிற்றுக்கிழமை பைனாகுலரைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு பாகூர் ஏரிக்கரையில் அலையும் எங்கள் சிறு கூட்டத்துக்கு அவர் வேறு ஆள். பைனாகுலரோடு சேர்த்து இஞ்ச் டேப்பையும் கழுத்தில் போட்டுக்கொண்டு வரும் ஒரே பறவைப் பிரியர் இந்த வட்டாரத்திலேயே அவர்தான்.

எத்தனை வகைப் பறவை பார்த்தோம் என்று நாங்கள் கணக்குப் போடுவோம். அவருக்கு அதில் அக்கறையே கிடையாது. ஒவ்வொரு பறவைக் குடும்பத்திலும் எது பெரியது என்பது மட்டும்தான் வேண்டும். "ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு ரேஷன் கார்டு இருக்கு டீச்சர். அதுல குடும்பத் தலைவர்னு மொதல் பேரு யாருது? அவரப் பாத்துட்டாப் போதும், மத்தவங்கள அப்பறம் விசாரிச்சிக்கலாம்" என்பார். துணி அளவு எழுதும் நீள நோட்டு ஒன்றில் அந்தத் தலைவர்களை வரிசையாக எழுதி வைத்திருந்தார். பெங்குவின் குடும்பத்துக்கு எம்பரர் பெங்குவின். கூழைக்கடா குடும்பத்துக்கு, நம் ஏரிக்கு வருவதைவிடப் பெரிய, சுருள் மயிர் கொண்ட வடக்கத்திக் கூழைக்கடா. கொக்கு, நாரைக் குடும்பத்துக்கு ஆப்பிரிக்காவின் ராட்சத நாரை. முக்கால்வாசித் தலைவர்கள் நம் பக்கம் தலைவைத்துப் படுக்காதவர்கள். "பெரியவங்க எப்பவும் தூரத்துலதான் இருப்பாங்க போல" என்று ஒரு நாள் சலித்துக்கொண்டார்.

அந்த நோட்டில் ஒவ்வொரு பக்கத்திலும் நான்கு கட்டம் போட்டிருந்தார். பறவை. பக்கத்தில் நின்றது. என் அளவு. டீச்சர் அளவு. பறவையைப் பிடித்து அளக்க முடியாது. அதனால் அது எதன் பக்கத்தில் நின்றதோ, அந்தக் கட்டையையோ கல்லையோ கரும்புத் தோகையையோ கண்ணால் குறித்துக்கொள்வார். பறவை தானாகப் பறந்து போகும்வரை காத்திருப்பார். அப்புறம் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கி அந்தப் பொருளை அளப்பார். நான் "அப்பாடி, எவ்ளோ பெரிய பறவை!" என்று ஆரம்பித்தால் போதும், "அதுக்கு அளவு ஜாக்கெட் இன்னா டீச்சர்?" என்று வெட்டிவிடுவார். அவர் அளந்தபின் நானும் இறங்கி அளக்க வேண்டும். "ரெண்டு பேரு அளந்தாத்தான் அளவு. ஒருத்தன் மட்டும் அளந்தா அது அவன் நெனப்பு." இதையும் அவர்தான் சொன்னார்.

ஏன் இந்தப் பாடு என்று ஒரு நாள் கேட்டேன். தொழில் பழகிய காலத்தில் துணியைத் திருப்பிப் போட்டு வெட்டியதில், ஒரு கல்யாணப் பெண்ணின் ஜாக்கெட்டுக்கு இரண்டு கையும் வலது கையாகவே வந்துவிட்டதாம். "பட்டுத் துணி டீச்சர். முகூர்த்தத்துக்கு ரெண்டு நாள். அன்னிலேர்ந்து என் கண்ண நானே நம்பறதில்ல" என்றார்.

மணப்பட்டுக் கடற்கரையில் நடந்ததைச் சொல்ல வேண்டும். ஆலா என்னும் கடற்பறவைகளில் உலகத்திலேயே பெரியதான காஸ்பியன் ஆலா, கேரட் போன்ற சிவந்த மூக்கோடு, இழுத்துப் போட்ட படகுக்குப் பக்கத்தில் சின்ன ஆலாக்கள் நடுவே நின்றிருந்தது. அது பறந்ததும் பாய் ஓடிப்போய் மணலில் கிடந்த துடுப்பை அளக்க ஆரம்பித்தார். வலை பிரித்துக்கொண்டிருந்தவர்களுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "இன்னா பாய், ஆலாவுக்கு சட்ட தைக்கப் போறியா?" என்றார் ஒருவர். "தைக்கலாம்பா, ட்ரையல் பாக்க வரமாட்டேங்குதே" என்றார் பாய், டேப்பிலிருந்து கண்ணை எடுக்காமல்.

நீளவால் இலைக்கோழி விஷயத்தில் என்னோடு ஒரு மாதம் மல்லுக்கு நின்றார். தாமரை இலைமேல் நடக்கும் அந்தக் குடும்பத்தில் அதுதான் நீளமானது என்று நான் புத்தகத்தைக் காட்டினேன். அந்த நீளத்தில் பாதிக்குமேல் வால், அதுவும் இனப்பெருக்கக் காலத்தில் மட்டும் வளரும் வால். "முந்தானை நீளமா இருந்தா ஆளு ஒசரம்னு சொல்வீங்களா டீச்சர்?" என்றார். கடைசியில் அதைப் பென்சிலால் எழுதிவைத்தார். ஊசுட்டேரியில் இறங்கிய பெரிய பூநாரையை மட்டும் மறு பேச்சில்லாமல் பேனாவால் எழுதினார்.

இனி சொல்லப்போவது எனக்குப் பெருமையான விஷயம் இல்லை. உங்களில் சிலர் அங்கே இருந்தீர்கள்.

இரண்டு வருடத்துக்கு முன், பொங்கல் கழிந்த ஒரு காலையில் பாய் ஏரியிலிருந்து போன் செய்தார். "டீச்சர், கொக்குக் குடும்பத்தோட தலைவரு வந்துருக்காரு. பழைய மதகுகிட்ட கல்லு பக்கத்துல நின்னாரு. தல கல்லு உச்சிக்கு இருந்துச்சி. இப்பத்தான் பறந்தாரு. எறங்கி அளந்துட்டேன், தண்ணிக்கு மேல நாலரை அடி. வண்டிய எடுத்துனு வாங்க."

என் வீட்டிலிருந்து அந்த மதகு பத்து நிமிடம். நான் போகவில்லை. ராட்சத நாரை இந்தக் கரைக்கு வந்ததாக நான் கேட்டதே இல்லை. நம் ஏரியில் சாதாரணமாகத் திரியும் செந்நாரை நிறத்தில் அதே மாதிரி இருக்கும், உயரம்தான் குறைவு. "பாய், நீங்க பாத்தது செந்நாரை. வெயில் கண்ணுல பட்டிருக்கும்" என்றேன். "இருக்கலாம் டீச்சர். ஆனா கல்லு இங்கதான இருக்கு? வந்து அளங்க" என்றார். வருகிறேன் என்றேன். அடுத்த நாளும் போகவில்லை. முப்பது வருடம் சிவப்பு மை பேனாவோடு விடைத்தாள் திருத்திய கை இது. விடை தவறு என்று முடிவு செய்துவிட்டால் செய்முறையைப் படிக்காது.

அந்த வருடப் பறவைக் கணக்கெடுப்புப் பட்டியலைத் தொகுத்து அச்சுக்குக் கொடுத்தது நான். அவர் பெயருக்கு நேரே, அவரைக் கேட்காமல், 'செந்நாரை, ஒன்று' என்று போட்டேன். அதோடு விட்டேனா? வில்லியனூரில் பறவை பார்ப்பவர்கள் நாம் கூடிய கூட்டத்தில், அவர் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருக்கும்போதே, மைக்கில் சொன்னேன்: "நம்ம டெய்லர் பாய் கண்ணுக்கு எல்லாமே ஒரு சைஸ் லூசாத்தான் தெரியும்." அங்கே இருந்த நீங்கள் எல்லோரும் சிரித்தீர்கள். அவரும் சிரித்தார். கொஞ்ச நேரம் கழித்து வண்டியை நிழலில் விடுவதாகச் சொல்லி எழுந்து போனார். திரும்பி வரவில்லை.

ஒரு தையல்காரரிடம் அவர் கண்ணைப் பற்றி அப்படிச் சொல்லக்கூடாது என்று எனக்கு அன்று மாலையே உறைத்தது. மன்னிப்புக் கேட்க நாளை போகலாம், ரம்ஜான் கழித்துப் போகலாம், மழை விடட்டும் போகலாம் என்று இரண்டு வருடம் ஓட்டினேன். அவர் அதன் பிறகு எங்களோடு ஏரிக்கு வரவில்லை. வழியில் பார்த்தால் "நல்லாருக்கீங்களா டீச்சர்" என்பார், அவ்வளவுதான். வெட்கத்தில் நான் தையலை அரியாங்குப்பத்துக்கு மாற்றிக்கொண்டேன். அவர் கோபமாக இருக்கிறார் என்று சொல்லிக்கொள்வது எனக்கு வசதியாக இருந்தது.

நாற்பதாம் நாள் பாத்தியா ஓதி முடித்த பிறகு அவர் மனைவி ஜரீனா போன் செய்தார். கணவர் இறந்தபின் வீட்டோடு இருக்க வேண்டிய இத்தாவில் இருப்பதால் அவர் வெளியே வர முடியாது, என்னை வரச் சொன்னார். ஒரு மஞ்சள் பையை என் மடியில் வைத்தார். உள்ளே அந்த நோட்டும், என் அளவு ஜாக்கெட்டும் இருந்தன.

ராட்சத நாரையின் பக்கத்தைத் தேடி எடுத்தேன். பறவையின் பெயரை அடிக்கோல் வைத்து நேராக ஒரே கோட்டில் அடித்திருந்தார். கீழே அவர் கையெழுத்தில் இருந்ததை அப்படியே தருகிறேன்: 'கோடையில் தண்ணி வத்தினதும் போனேன். மதகுகிட்ட ரெண்டு கல்லு. நான் பார்த்தது தெக்குக் கரையிலேர்ந்து, வலப்பக்கக் கல்லு. அளக்க எறங்கினது மதகுப் பக்கத்திலேர்ந்து. அங்கேர்ந்து வலப்பக்கக் கல்லு வேற. துணியைத் திருப்பிப் போட்டுட்டேன். பறவை நின்ன கல்லு அன்னிக்கு தண்ணிக்கு மேல மூணு அடிகூட இருந்திருக்காது. செந்நாரைதான். டீச்சர் சொன்னது சரி.'

சரி என்று படித்ததும் ஒரு கணம் எனக்குள் ஒரு நிம்மதி வந்தது. அந்த நிம்மதிக்காக என்னை நானே அறையலாம் போலிருந்தது. அதே வரிசையில் 'டீச்சர் அளவு' என்ற கட்டம் காலியாக இருந்தது. அதில் பென்சிலால் மெலிதாக ஒரே வார்த்தை: 'வருவாங்க.'

"ஏம்மா, இத அவரு எங்கிட்ட சொல்லவே இல்லையே" என்றேன்.

"நானும் கேட்டேன் டீச்சர்" என்றார் ஜரீனா. "போயி சொல்லிட்டு வந்துடுங்க, பாவம் அவங்கன்னேன். 'சொன்னா சரின்னு வூட்லயே உக்காந்துடுவாங்க. அளக்க வரமாட்டாங்க. வந்து அளந்துட்டு அவங்களா சொல்லட்டும்'னாரு. அவருக்கு கோவம்லாம் இல்ல. நீங்க வராததுதான் மனசுல இருந்துச்சி."

அவர் தவறைத் தானே தேடிப்போய் அளந்து கண்டுபிடித்தார். நான் அளக்காமலே சரியாகச் சொன்னேன். இந்த இரண்டில் எது சரி என்று முப்பது வருடம் பாடம் நடத்திய எனக்குத் தெரியாதா?

மறுநாள் காலை இஞ்ச் டேப்பை எடுத்துக்கொண்டு ஏரிக்குப் போனேன். பழைய மதகு இல்லை. புதுப்பித்து, இரண்டு பக்கமும் வழவழவென்று சிமெண்ட் சுவர் எழுப்பியிருந்தார்கள். கல் எங்கே என்று ஆடு மேய்த்துக்கொண்டிருந்த அம்மாவிடம் கேட்டேன். "அதெல்லாம் போன வருஷமே ஒடச்சி அள்ளினு போயிட்டாங்கம்மா. இன்னாத்துக்கு அது?" என்றாள். டேப்பைச் சுருட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

வந்த பிறகுதான் பையில் இருந்த ஜாக்கெட்டைப் பிரித்தேன். பழைய ஊதாப் பூப் போட்டது. இரண்டு பக்கத் தையலிலும் புது நூல் தெரிந்தது. ஜரீனாவுக்குப் போன் போட்டேன். "ஆமா டீச்சர், சொல்ல மறந்துட்டேன். போன தீபாவளி சமயத்துல நீங்க கடைக்கு எதிர்ல பஸ்ஸுக்கு நின்னுகினு இருந்தீங்க. 'டீச்சர் எளச்சிட்டாங்க. சக்கரை இருக்குதான்னு பாக்கச் சொல்லணும். வந்து கேட்டா இது தொளதொளன்னு கெடக்கும்'னு சொல்லிட்டு அன்னிக்கே புடிச்சி வச்சிட்டாரு" என்றார். எனக்குச் சர்க்கரை இருப்பது மருத்துவருக்குத் தெரிந்ததே இந்தத் தை மாதத்தில்தான்.

அந்த நோட்டு என்னிடம்தான் இருக்கிறது. காலியாக இருக்கும் அந்தக் கட்டத்தில் நான் எதையும் எழுதப் போவதில்லை. அவர் பென்சிலால் எழுதிய வார்த்தையை அழிக்கவும் போவதில்லை. அது பொய்யாகப் போனது என்னால். அதை நான்தான் வைத்திருக்க வேண்டும்.

வில்லியனூரில் அன்று என்னோடு சிரித்த உங்களுக்கு இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. ஜாக்கெட்டைப் போட்டுப் பார்த்தேன். தெருவுக்கு எதிர்ப்பக்கம் நின்றவளைக் கடைக்குள்ளிருந்தபடியே கண்ணால் அளந்து, டேப்பே தொடாமல் பிடித்த தையல் அது. ஒரு நூல்கூட லூஸ் இல்லை.