மேகவாசலில் எடை சரியில்லை

வாசல் காக்கும் வேலை என்பது, நம் கையில் இல்லாத ஒன்றுக்காக நாள் முழுக்கத் திட்டு வாங்கும் வேலை. பஸ் வராததற்கு ஏச்சு வாங்கும் டைம் கீப்பரும், மெஷின் வேலை செய்யாததற்கு ஏச்சு வாங்கும் ரேஷன் கடைக்காரரும் என் இனம். அப்படி ஏச்சு வாங்குகிற உங்களை நம்பித்தான் இதை எழுதுகிறேன், மற்றவர்களுக்குப் புரியாது.

செண்பகனூர் பஸ் நிறுத்தத்துக்கு மேலே சரிவில் ஒரு கல் நிலை நிற்கிறதே, அதுதான் மேகவாசல். மேகத்தில் குடியிருக்கும் முகிலூர்க்காரர்கள் இதன் வழியாகத்தான் இறங்கி ஏறுகிறார்கள். மூட்டம் வந்து நிலையைத் தொட்டால்தான் இது திறக்கும். இறங்குகிற எடைக்குச் சமமான எடை அதே நேரத்தில் மேலே ஏறவும் வேண்டும். அதை நிறுக்கும் தராசில் கீழ்த் தட்டு என் பொறுப்பு, மேல் தட்டு முகிலூர் வாசல்காரர் நீலன் பொறுப்பு. மேலுக்கும் கீழுக்கும் போட்டிருக்கும் பேசுகுழாயில் வருடக்கணக்கில் சண்டை போட்டிருக்கிறோம், முகம் பார்த்ததில்லை.

என் மகள் ஜெயா முகிலூரில் வாழ்க்கைப்பட்டவள். தலைப்பிரசவத்துக்கு எங்கள் வீட்டுக்கு வரவேண்டும். மாதம் நெருங்கிவிட்டது, மூட்டத்தைத்தான் காணோம். கொடைக்கானலில் வெயில் சுள்ளென்று அடித்த அந்த நாட்களில் நடந்தவை இவை.

வியூ

மதுரைப் பக்கத்திலிருந்து ஒரு குடும்பம் வேனில் வந்து இறங்கியது. வாசலுக்கு முன்னால் வரிசையாக நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். பிறகு குடும்பத் தலைவர் என் ஜன்னலுக்கு வந்து, நிலைக்குப் பின்னால் வெறும் புல்தானே தெரிகிறது, இதற்கா இவ்வளவு தூரம் ஏறி வந்தோம் என்று கோபித்தார். மூட்டம் வந்தால்தான் வாசல் திறக்கும் என்று விளக்கினேன். தினமும் விளக்குவதுதான், வாய் அதுவாகவே பேசிக்கொள்ளும்.

அவர் வானத்தை அண்ணாந்து பார்த்தார். என்னைப் பார்த்தார். கடைசியில் பெரிய மனது பண்ணிச் சொன்னார்: “சரிங்க, மிஸ்ட் வந்து, அது நல்லா விலகுனதுக்கப்புறம் ஒரு போன் போடுங்க, வந்து பாக்குறோம்.”

எடைக்கல்

முகிலூரில் எல்லாம் உண்டு, கல் மட்டும் கிடையாது. வீட்டு நடுவில் பூமிக் கல் ஒன்று இருந்தால்தான் குடும்பம் காற்றோடு போகாது என்பது அவர்கள் வழக்கம். அதனால் இறங்கி வருகிறவர்கள் ஏரியைப் பார்க்கிறார்களோ இல்லையோ, கல் பொறுக்குவார்கள். அதிலும் என் தட்டுக்குப் பக்கத்தில் அடுக்கி வைத்திருக்கும் எடைக்கற்கள்தான் அவர்களுக்குப் பிடிக்கும். உருண்டையாக, நம்பர் போட்டு, பார்க்க லட்சணமாக இருக்குமல்லவா?

வெயில் தொடங்குவதற்கு முந்திய கடைசி மூட்டத்தில் ஏறிய ஓர் அம்மாள், மிச்சமிருந்த கற்களையும் சேலையில் சுற்றிக்கொண்டு போய்விட்டார். ஆபீசில் புதுக் கல் கேட்டேன். வரும், அதுவரை நம்பர் போடாத கல்லைத் தட்டில் ஏற்றக்கூடாது என்றார்கள், வரவில்லை. குழாயில் அந்த அம்மாளைப் பிடித்துக் கேட்டேன். கொஞ்சம்கூடப் பதறாமல் பதில் வந்தது: “உங்க மலை பூரா கல்லுதான கெடக்கு, இதுக்குப் போயி ஒரு மனுசன் இப்படிக் கத்தலாமா?”

பூண்டு

கல் இல்லாத குறையைக் காதர் பாயின் பூண்டு மூட்டைகள்தான் தீர்த்துவைப்பதாக இருந்தன. பஜாரில் கடை வைத்திருக்கும் பாய், முகிலூருக்கு மலைப்பூண்டு அனுப்புகிறவர். ஜெயா இறங்கும்போது அந்த மூட்டைகளை ஏற்றினால் எடைக்கு எடை சரியாகிவிடும் என்று கணக்குப் போட்டு வைத்திருந்தேன். மூட்டமில்லாமல் மூட்டைகள் கிடந்து காய்ந்தன. ஒருநாள் பாய் ஜீப்போடு வந்து நின்றார்.

மகள் வரவேண்டியிருக்கிறது என்று கெஞ்சினேன். எனக்காக ஒரே ஒரு மூட்டையை மட்டும் விட்டுவிட்டு, மற்றதை வத்தலக்குண்டுக்கு ஏற்றினார். ஜீப்பில் உட்கார்ந்தபடி சொன்னார்: “கோவிச்சுக்காதீங்க அத்தா, மேகத்தை நம்பிப் புள்ளையக் கட்டிக் குடுக்கலாம், யாவாரம் பண்ண முடியாது.”

குழாய்

எனக்கு அலுப்பு உடம்பில் இல்லை, காதில்தான். எந்நேரமும் குழாயிலேயே காதை வைத்திருந்தேன். என் மனைவி பாக்கியம் பத்தியச் சாமான்களை வாங்கி வைத்துவிட்டு, சோறு கொண்டுவரும் சாக்கில் தினமும் வந்து வானத்தைப் பார்த்துவிட்டுப் போவாள். இருவருக்குமே பயம், ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்ளவில்லை.

ஜெயா எப்படி இருக்கிறாள் என்று நீலனிடம் கேட்டேன். அவர் சொன்னார்: “வெள்ளனே வந்து பெஞ்சுல உக்காந்திருக்கு. நீங்க எல்லாருக்கும் சொல்றதத்தான் நானும் சொன்னேன், மூட்டம் வரட்டும், உக்காரும்மான்னு.”

மூட்டம்

ஒரு மத்தியானம், பாக்கியம் தூக்குச்சட்டியோடு நிற்கும்போதே, பள்ளத்தாக்கிலிருந்து மூட்டம் ஏறி வந்தது. நிலை வெளுத்துத் திறந்தது. குழாயில் நீலன் கத்தினார்: ஜெயாவுக்கு வலி எடுத்துவிட்டது, தட்டில் ஏற்றிவிட்டேன், எடையைப் போடுங்கள்!

கல் இல்லை. இருந்த ஒரு மூட்டையைத் தூக்கிப் போட்டேன். முள் அசையவே இல்லை. மூட்டமோ அதற்குள் ஓரத்தில் கிழியத் தொடங்கிவிட்டது. வெளியே போய்ப் பாறை தேட நேரமில்லை. பாக்கியம் தட்டில் ஏறப் போனாள். கையைப் பிடித்து இழுத்தேன். இந்த நேரத்தில் பிள்ளைக்கு அம்மா வேண்டும், வாசல்காரன் எதற்கு? தட்டை நகர்த்தும் நெம்புகோலை அவள் கையில் கொடுத்துவிட்டுப் பூண்டு மூட்டை மேல் ஏறி உட்கார்ந்தேன். முள் நடுவில் வந்து நின்றது.

நிலைக்குள் ஒரு மூச்சு நேரம் நானும் ஜெயாவும் எதிரெதிரே வந்தோம். வலியில் வேர்த்துப்போயிருந்தாள். தொடக்கூட முடியவில்லை. என்னைப் பார்த்துத் திகைத்தவள் கேட்டாள்: “அப்பா, நீங்க எங்க போறீங்க?”

பெஞ்ச்

இதை முகிலூர்ப் பெஞ்சில் உட்கார்ந்துதான் எழுதுகிறேன். நான் ஏறியதும் மூட்டம் கலைந்துவிட்டது, அப்புறம் வரவில்லை. குழாயில் பேத்தியின் அழுகையைக் கேட்டேன். நல்ல கனத்த குரல். நானும் கூடவே அழுதேன். நீலன் மரியாதையாக வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். அவர் முகத்தை முதல்முறை பார்க்கிறேன், என்னைவிடக் களைத்த முகம்.

பிறகு குழாயில் பாக்கியம் வந்தாள்: “ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. நீங்க வெரசா எறங்கி வாங்க, வாசல் எப்பத் தெறக்கும்னு கேட்டே வர்றவங்கல்லாம் இங்க என் உசிர வாங்குறாங்க!”

எப்போது இறங்கலாம் என்று நீலனிடம் கேட்டால் மூட்டம் வரட்டும், உட்காருங்கள் என்கிறார். புகார் கொடுக்கலாம் என்று பார்த்தால், கீழே புகாரை வாங்க வேண்டிய ஆள் நானாகவே இருக்கிறேன்.