அப்பாவுக்கு எடுத்த தொக்கம்

ஞாயிறு தோறும் எங்கள் வீட்டில் குடல் குழம்பு. அலசுவது அம்மாவின் வேலை. குடலோடு ஒட்டிவரும் மெல்லிய சவ்வை வெளிச்சத்தில் விரித்துப் பார்ப்பது நானாக எடுத்துக்கொண்ட வேலை. விசிறிபோல் விரியும் அதில் ரத்தக்குழாய்கள் ஓடும். ஒரே தண்டில் கிளைத்து, பக்கத்துக் கிளையோடு வளைவு வளைவாகக் கைகோத்து, வளைவுகளிலிருந்து நேர்க்கோடுகளாகக் குடலில் இறங்கும். அம்மா அதைப் பிடுங்கி நாய்க்கு எறிந்துவிடுவாள்.

அப்பா சிவகாசியில் அச்சாபீஸில் பட்டாசு லேபிள் அடித்தார். பட்டாசுக் கம்பெனிக்குள் பீடி குடிக்க முடியாது என்பதற்காகவே அச்சு வேலைக்குப் போனவர் என்று அத்தை சொல்வாள். எனக்கு எட்டு வயதானபோது, தீபாவளி சீசனுக்கு முன்பு, அவர் ஒரு புதுப் பழக்கத்தைப் பிடித்துக்கொண்டார். நாலு வாய் சாப்பிட்டதும், அம்மா அடுப்பைப் பார்க்கத் திரும்பும் நேரத்தில், தன் தட்டில் இருப்பதை என் தட்டுக்குத் தள்ளிவிடுவார்.

"நீ தின்னு தாயி. அம்மாட்டச் சொல்லாத."

ஐந்து பிள்ளைகளில் நான்தான் செல்லம் என்பதற்கு வேறு சான்று எதற்கு? சொல்லவில்லை. தட்டு தினமும் காலியானது. அப்பாவின் சட்டை தொளதொளத்தது.

"அம்புட்டையும் சாப்பிட்டுட்டு மனுசன் இப்படி உருகுவாகளா?" என்றாள் அத்தை. "எங்கண்ணனுக்குத் தொக்கம் விழுந்திருக்கு மதினி. என்னத்தை ஆக்கிப் போட்டீகளோ!"

அன்றிலிருந்து அம்மா எதை ஆக்கினாலும் தான் ஒரு வாய் தின்று பார்த்த பிறகே அப்பாவுக்குப் போட்டாள்.

வயிற்றில் ஒட்டிக்கொண்ட உணவை வெளியே எடுப்பதுதான் தொக்கம் எடுப்பது. அதற்கென்று சாத்தூர்ப் பக்கம் ஒரு அம்மாள் இருந்தார். சோதனை கிடையாது, ஒப்புதல் கையெழுத்து கிடையாது. அப்பாவின் வயிற்றில் ஒரு குழலை வைத்து உறிஞ்சி, வெற்றிலையில் ஒரு இறைச்சி நாரைத் துப்பினார். "இனி வயிறு முட்டச் சாப்பிடுங்க" என்றார். சிகிச்சை முடிந்தது.

அன்று மதியம் குடல் குழம்பு. அம்மா எதிரே உட்கார்ந்தாள். அத்தை பக்கத்தில் காவல். நான் தட்டை நகர்த்தி அப்பாவை ஒட்டி வைத்தேன். அவர் என்னை ஒருமுறை பார்த்தார். பிறகு முழுவதையும் சாப்பிட்டார். "இன்னங் கொஞ்சம் ஊத்து, ருசியா இருக்கு" என்று கேட்டும் வாங்கினார். பல வாரங்களுக்குப் பிறகு அம்மா சிரித்தாள்.

அரைமணி நேரம் கழித்துக் கொல்லையில் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் அவரைக் கண்டுபிடித்தேன். முழங்கால்களை வயிற்றோடு சேர்த்துக் கட்டிக் குந்தியிருந்தார். சட்டை வியர்வையில் நனைந்திருந்தது.

"எனக்கு ஏன் தரலை?" என்றேன்.

மூச்சை இழுத்துவிட்டுச் சொன்னார்: "அடுத்த ஞாயிறு பூராவும் உனக்குத்தான் தாயி."

வாக்குத் தவறவில்லை. அடுத்த ஞாயிறு ஒரு வாயும் உண்ணாமல் முழுத் தட்டையும் என் பக்கம் தள்ளினார். மிச்சம் வைக்காமல் தின்றேன். தீபாவளிக்கு அப்பா இல்லை.

பின்னாளில் அரசு மருத்துவமனையில் செவிலியாகி, அறுவை அரங்கில் பாதி ஆயுளைக் கழித்தேன். ஒருநாள் ஒருவர் வயிற்றைத் திறந்தபோது அதே சவ்வு, அதே வளைவுகள். குடல் மட்டும் கறுத்திருந்தது. ஒரு கிளை அடைத்தால் பக்கத்து வளைவு வழியாக ரத்தம் சுற்றி வந்துவிடும். வருடக்கணக்கில் குடித்த பீடியால் தண்டே அடைத்தால் சுற்றுவழி போதாது. உண்ட பிறகு குடல் கூடுதல் ரத்தம் கேட்கும், கிடைக்காமல் வலிக்கும். பசி இருந்தும் மனிதர் சோற்றுக்குப் பயப்படுவார்.

நோயாளியிடம் என்னென்ன கேட்க வேண்டும் என்று ஒரு வரிசை உண்டு. சாப்பிட்டு எவ்வளவு நேரத்தில் வலிக்கிறது, எங்கே வலிக்கிறது, எத்தனை நாளாக. ஓய்வு பெறும்வரை ஒன்றுவிடாமல் எல்லோரிடமும் கேட்டிருக்கிறேன். தொட்டிக்குப் பின்னால் குந்தியிருந்தவரிடம் நான் கேட்டது அந்த வரிசையில் இல்லாத ஒரு கேள்வி. அவரும் அதற்கு மட்டுமே பதில் சொன்னார்.