நான் அல்லாத கணேசன் மாரிமுத்து

கணேசன் மாரிமுத்து இறந்துவிட்டார் என்ற செய்தியை எனக்கு முதலில் சொன்னவர் ஈப்போவில் இருக்கும் என் மைத்துனர். எனக்குச் சொல்வதற்காக அவர் அழைக்கவில்லை. என் மனைவியிடம் துக்கம் விசாரிக்க அழைத்தார். தொலைபேசியை நான் எடுத்துவிட்டேன். என் குரலைக் கேட்டதும் மெதுவாக, “மச்சான், நீங்களா பேசுறது?” என்றார். எங்கள் பழைய ஆலைக்காரர்களின் கைப்பேசிக் குழுவில் யாரோ, “நம் கணேசன் மாரிமுத்து காலமானார்” என்று ஒரு வரி போட்டிருந்தார்கள். படம் போடவில்லை. அது கைமாறிக் கைமாறி ஈப்போ வரை போய்விட்டது.

மதியத்துக்குள் பதினொரு அழைப்புகள். நான் உயிரோடு இருப்பதை அறிந்து எல்லாரும் நிம்மதி அடைந்தார்கள். அப்படியானால் போனது யார் என்று கேட்டார்கள். பெரிய கணேசன் என்று சொன்னதும் அழுதார்கள். நான் செத்துவிட்டதாக நினைத்து அழைத்தபோது அழாமல் பேசியவர்கள்தான் அவர்கள். அன்று எனக்குத் துக்கத்தோடு பொறாமையும் வந்தது. நினைவஞ்சலியில் இதையெல்லாம் எழுதலாமா என்று சிலர் முகம் சுளிக்கலாம். ஆனால் அவரை அறிந்த உங்களில் பலருக்கு என்னையும் தெரியும். பொய் எழுதினால் முதல் பக்கத்திலேயே பிடித்துவிடுவீர்கள்.

அறியாதவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். என் பெயர் கணேசன், தகப்பனார் பெயர் மாரிமுத்து. அவர் பெயரும் கணேசன், அவருடைய தகப்பனார் பெயரும் மாரிமுத்து. உறவு எதுவும் இல்லை. அவருடைய அப்பா துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். என் அப்பா நகராட்சியில் வேலை பார்த்தவர். இரண்டு மாரிமுத்துகளும் ஒருவரையொருவர் பார்த்ததே இல்லை. பாயான் லெப்பாஸ் தொழிற்பேட்டையில் மின்னணுச் சில்லுகளைச் சோதிக்கும் ஓர் ஆலையில் நாங்கள் இருவரும் ஒரே பிரிவில் சேர்ந்தோம். அவர் எனக்கு எட்டு மாதம் முன்பே சேர்ந்திருந்தார். அந்த ஒரே காரணத்துக்காக அவர் பெரிய கணேசன், நான் சின்ன கணேசன். வயதில் நான் மூன்று வருடம் மூத்தவன். உயரத்திலும் அவர் என் தோள் வரைதான் வருவார். இதை மேற்பார்வையாளரிடம் முறையிட்டுப் பார்த்தேன். அவர் சிரித்துவிட்டுப் போய்விட்டார். பெரிய கணேசன் மட்டும் என்னைக் கடைசி வரை “அண்ணே” என்றுதான் அழைத்தார். அதிலும் எனக்கு ஒரு எரிச்சல். மரியாதை கொடுப்பதிலும் அவரே முந்திக்கொண்டார் என்று.

என் கல்யாணமே அவரால்தான் நடந்தது. பெண் பார்த்து, எல்லாம் பேசி முடித்த பிறகு, பெண்ணின் தாய்மாமன் ஒரு சந்தேகத்தில் திருமணப் பதிவு அலுவலகத்துக்குப் போய் என் பெயரைத் தேடச் சொல்லியிருக்கிறார். கணேசன் த/பெ மாரிமுத்து, ஜார்ஜ் டவுன், ஏற்கெனவே திருமணம் ஆனவர் என்று பதிவு சொல்லியிருக்கிறது. அடையாள அட்டை எண்ணை ஒப்பிட்டுப் பார்க்க அவருக்குத் தோன்றவில்லை. டத்தோ கிராமாட்டில் எங்கள் வீட்டு வாசலுக்கு வந்து, தெருவே கேட்கும்படி என்னைக் கேள்வி கேட்டார். விஷயம் காதுக்கு எட்டியதும் பெரிய கணேசன் அன்றைக்கு விடுப்பு எடுத்துக்கொண்டு, தன் மனைவியைக் கூட்டிக்கொண்டு, திருமணச் சான்றிதழையும் எடுத்துக்கொண்டு பெண் வீட்டுக்கே போய்விட்டார். “அந்தக் கல்யாணமான கணேசன் நான்தான்மா. இதோ என் வைஃப். அண்ணன் இன்னும் சும்மாதான் இருக்காரு,” என்றாராம். எல்லாரும் சிரித்துவிட்டார்கள். கல்யாணம் நடந்தது. ஆனால் என் மாமியார் சாகும்வரை, “அந்தக் கணேசன் தம்பி எப்படி இருக்காரு?” என்றுதான் முதலில் விசாரிப்பார். மாப்பிள்ளையான என்னை விசாரிப்பது அதற்குப் பிறகுதான்.

அதற்குப் பிறகு அவர் ஒரு நோட்டுப் புத்தகம் போட்டார். செய்தித்தாளில், நீதிமன்ற அறிவிப்பில், வாக்காளர் பட்டியலில், நிறுவனப் பதிவில் எங்கெல்லாம் எங்கள் பெயர் வந்ததோ அதையெல்லாம் ஊர், பிறந்த வருடம், தொழிலோடு குறித்து வைத்தார். கிள்ளானில் ஒரு பல் மருத்துவர், சுங்கை பட்டாணியில் ஒரு லாரி முதலாளி, ஏதோ மோசடி வழக்கில் மாட்டிய ஒருவர் எனப் பட்டியல் நீண்டது. ஏன் இந்த வேண்டாத வேலை என்று கேட்டேன். “நம்ம பேருக்கு நாமதான் அண்ணே வாட்ச்மேன். வேற யாரு பாப்பாங்க?” என்றார். நானும் அதே பெயர்க்காரன்தான். எனக்கு ஏன் இப்படி ஒரு நோட்டுப் போடத் தோன்றவில்லை என்று அன்று முழுவதும் உறுத்தியது.

இனி, எனக்கு அவர் மேல் இருந்த பெரிய கோபத்துக்கு வருகிறேன். எங்கள் பிரிவில் சில்லுகளை ஓர் உலோகத் தட்டில் அடுக்கிச் சூடேற்றிச் சோதிப்போம். தட்டு நான்கு முனைகளின் மேல் உட்காரும். சூட்டில் தட்டு லேசாக வளைந்து ஆடும். இயந்திரக் கை சில்லைத் தவறவிடும். மாதக் கணக்கில் தலையைப் பிய்த்துக்கொண்டோம். ஒருநாள் வேலை முடிந்து கோப்பிக் கடையில் உட்கார்ந்திருந்தபோது மேசை ஆடி என் தே தாரிக் தேநீர் கொட்டிவிட்டது. நான் எரிச்சலில், “நாலு காலு இருந்தா இப்படித்தான் லா. மூணு காலுன்னா ஆடவே ஆடாது. நம்ம தட்டையும் மூணு முனையில உக்கார வச்சா என்ன?” என்றேன். சொல்லிவிட்டு நான் இன்னொரு தே தாரிக் சொன்னேன். அவர் தன் கோப்பையைத் தள்ளி வைத்துவிட்டு, பில்லின் பின்பக்கம் படம் போட ஆரம்பித்தார். அடுத்த நான்கு மாதம் அளவெடுத்தது, உடைத்தது, மறுபடி செய்தது, விண்ணப்பம் எழுதியது எல்லாம் அவர்தான். அது உண்மை. ஆனால் மூன்று என்று சொன்னது நான். அதுவும் உண்மை.

இரண்டு வருடம் கழித்துக் காப்புரிமை கிடைத்தது. ஆலை உணவகத்தில் எல்லாரையும் கூட்டி, மேலாளர் ஒரு வெண்கலப் பலகையைக் கொடுத்தார். அதில் கணேசன் மாரிமுத்து என்று ஒரே ஒரு பெயர். மேடைக்கு அழைத்தபோது நாங்கள் இருவரும் எழுந்தோம். மேலாளர் கையைக் காட்டி என்னை உட்காரச் சொன்னார். இருநூறு பேர் பார்க்க நான் உட்கார்ந்தேன். கூட்டம் முடிந்ததும் பெரிய கணேசன் என்னிடம் வந்து, “பேரு ரெண்டு பேருக்கும் சேத்துத்தான் அண்ணே. கொஞ்சம் பொறுங்க,” என்றார். கிண்டல் செய்கிறார் என்று நினைத்தேன். அன்றிலிருந்து இருபத்தாறு வருடம் அவரோடு நான் சரியாகப் பேசியதில்லை. அவருக்குப் பதவி உயர்ந்தது, வடிவமைப்புப் பிரிவுக்குப் போனார், இன்னும் ஆறு காப்புரிமைகள் வாங்கினார். நான் அதே சோதனைப் பிரிவில் ஓய்வு பெற்றேன். அவர் என் எண்ணத்தைத் திருடிவிட்டார் என்று வீட்டில் நான் சொல்லாத நாள் குறைவு.

ஓய்வுக்குப் பிறகு எனக்கு ஒரு கெட்ட பழக்கம் வந்தது. கைப்பேசியில் எங்கள் பெயரைத் தட்டித் தேடுவேன். வெளிநாட்டுக் காப்புரிமைப் பதிவுகளில் தகப்பன் பெயர் முன்னால் வந்து மாரிமுத்து, கணேசன் என்று நிற்கும். அது நானாகவும் இருக்கலாமே என்று கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருப்பேன். என் சம்பந்தியும் ஒருமுறை அப்படித் தேடிவிட்டு, “நீங்க இவ்வளவு பெரிய ஆளுன்னு சொல்லவே இல்லையே,” என்றார். நான் மறுக்கவில்லை. சிரித்துவிட்டுப் பலகாரத்தை அவர் பக்கம் நகர்த்தினேன். என் மனைவி பார்வதி என்னைப் பார்த்த பார்வையை இப்போது நினைத்தாலும் கூசுகிறது.

இதெல்லாம் தெரியாமல்தான் பெரிய கணேசனின் மகள் மாலதி, அடக்கம் முடிந்த நான்காம் நாள் என்னிடம் வந்தாள். பதினாறாம் நாள் கருமக்கிரியைக்கு ஒரு சிறு நினைவு மலர் அச்சிடப் போவதாகவும், அதில் அப்பாவின் காப்புரிமைகளைப் போட ஆசை என்றும் சொன்னாள். “தேடினா பத்தொம்பது வருது அங்கிள். எது அப்பாவோடது, எது மத்தவங்களோடதுன்னு எனக்குத் தெரியல. உங்களுக்குத்தான் தெரியும்,” என்றாள். அவளுடைய மடிக்கணினியை வைத்துக்கொண்டு நான் உட்கார்ந்தேன். ஊரைப் பார்த்து, உடன் இருந்த பெயர்களைப் பார்த்து ஒவ்வொன்றாகப் பிரித்தேன். செம்பனை எண்ணெய் ஆலைக்காரர் ஒருவரின் ஐந்து போயிற்று. கையுறைத் தொழிற்சாலைக்காரர் ஒருவரின் ஏழு போயிற்று. மீதமிருந்த ஏழில் ஆறு சந்தேகமில்லாமல் அவருடையவை. ஏழாவது அந்த மூன்று முனைத் தட்டு.

ஒரு காப்புரிமைக்கு உள்ளே, காப்புரிமை அலுவலகத்துக்குப் போன கடிதங்கள், அங்கிருந்து வந்த கடிதங்கள் எல்லாம் ஒரு கோப்பாக இருக்கும். யார் வேண்டுமானாலும் திறந்து படிக்கலாம். இது எனக்கு அதுவரை தெரியாது. மாலதிதான் காட்டினாள். அவள் தேநீர் போடப் போன நேரத்தில் அதைத் திறந்தேன். முதல் விண்ணப்பத்தில் கண்டுபிடித்தவர்கள் என்ற இடத்தில் கணேசன் மாரிமுத்து, அதற்குக் கீழே மறுபடியும் கணேசன் மாரிமுத்து. இரண்டாவது பெயரை யாரோ ஒரு கோடு போட்டு அடித்து, தவறுதலாக இருமுறை வந்துள்ளது என்று ஓரத்தில் எழுதியிருந்தார்கள். விண்ணப்ப வேலையை ஏற்றிருந்த சட்ட அலுவலகத்தின் திருத்தம் அது. கடல் கடந்து உட்கார்ந்திருந்தவர்களுக்கு, ஒரே பெயரில், ஒரே தகப்பன் பெயரில், ஒரே மேசையில் இரண்டு பேர் இருப்பார்கள் என்று தோன்றவில்லை.

அதற்குப் பிறகு பெரிய கணேசனின் கடிதம் இருந்தது. ஆங்கிலத்தில் மூன்றே வரி. அதைத் தமிழில் தருகிறேன்: “இது தட்டச்சுப் பிழை அல்ல. நாங்கள் இரண்டு பேர். மூன்று முனை என்ற எண்ணம் மற்றவருடையது, அளவெடுத்தவன் மட்டுமே நான்.” பெயரைச் சேர்க்க விடுபட்டவரே கையெழுத்திட்டு அனுப்ப வேண்டும் என்று பதில் வந்திருந்தது. அந்தப் பதிலின் தேதியைப் பார்த்தேன். பலகை கொடுத்த மூன்றாவது வாரம்.

அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது. ஒரு சனிக்கிழமை அவர் ஒரு உறையோடு என் வீட்டுக்கு வந்தார். ஒரு கையெழுத்து வேண்டும் என்று பார்வதியிடம் சொன்னாராம். உரிமை எனக்கில்லை என்று எழுதி வாங்கத்தான் வந்திருக்கிறார் என்று நான் முடிவு கட்டினேன். குளிக்கிறேன் என்று சொல்லச் சொல்லிவிட்டுக் குளியலறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொண்டேன். அரை மணி நேரம் காத்திருந்தார். அடுத்த வாரமும் வந்தார். அடுத்த வாரமும் குளித்தேன். பிறகு உணவகத்தில் பிடித்து, “அண்ணே, அந்தப் பேப்பர்,” என்று ஆரம்பித்தார். “பேப்பரு, பேரு எல்லாம் உங்கிட்டயே இருக்கட்டும்,” என்று சொல்லிவிட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு வேறு மேசைக்குப் போனேன். அவர் அதற்கு மேல் வற்புறுத்தவில்லை.

கோப்பில் கடைசியாக இருந்ததும் அவருடைய கடிதம்தான். “அவர் மறுக்கவில்லை. நேரம் அமையவில்லை. அருள்கூர்ந்து கோப்பை மூட வேண்டாம்.” நான் மறுத்தேன் என்றுகூட அவர் எழுதவில்லை.

மாலதி தேநீரோடு வந்தபோது, ஏழும் அப்பாவுடையவைதான், அப்படியே போடு என்று சொல்லிவிட்டு எழுந்தேன். தேநீரைக் குடிக்கவில்லை. வீட்டுக்கு வந்து பார்வதியிடம் சொன்னேன். அவள் என்னைத் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். “அவரு அந்த ரெண்டு வாரமும் வெறும் தண்ணிதான் குடிச்சிட்டுப் போனாரு. பலகாரம் குடுத்தா அண்ணன் வரட்டும்னாரு,” என்று மட்டும் சொன்னாள். மறுநாள் காலையில் மாலதியை அழைத்து எல்லாவற்றையும் சொன்னேன், குளியலறை உட்பட. “அப்பா வீட்ல இதச் சொன்னதே இல்லையே அங்கிள். உங்களப் பத்திப் பேசினா, மூளைக்காரருன்னு மட்டும்தான் சொல்வாரு,” என்றாள்.

அந்தக் காப்புரிமையின் காலம் எப்போதோ முடிந்துவிட்டது. இனி நான் கையெழுத்துப் போட்டாலும் எங்கும் ஏறாது. மலரில் அந்தக் காப்புரிமைக்குப் பக்கத்தில் என் பெயரைச் சேர்க்கட்டுமா என்று மாலதி கேட்டாள். வேண்டாம் என்றேன். பெருந்தன்மையால் அல்ல. என் பெயரைச் சேர்க்க அவர் என் வீட்டுப் படி ஏறி இறங்கியபோது கதவைத் திறக்காதவனுக்கு, அவர் இல்லாதபோது உள்ளே நுழைய வெட்கமாக இருந்தது.

பெரிய கணேசனிடமிருந்து உங்களில் ஒவ்வொருவருக்கும் ஏதோ ஒன்று மிஞ்சியிருக்கும். சிலருக்கு அவர் கற்றுத்தந்த வேலை, சிலருக்கு அவருடைய சிரிப்பு. எனக்கு மிஞ்சியிருப்பது பொறாமைதான். அது போகவில்லை, போகவும் போகாது. முன்பெல்லாம் அவருடைய பதவியையும் பலகையையும் பார்த்துப் பொறாமைப்பட்டேன். இப்போது அந்த மூன்று வரிக் கடிதத்தைப் பார்த்துப் பொறாமைப்படுகிறேன். அடிபட்டது அவர் பெயராக இருந்து, கையெழுத்து வாங்க வேண்டியவன் நானாக இருந்திருந்தால், நான் அந்தக் கடிதத்தை எழுதியிருக்க மாட்டேன். இது எனக்குத் தெரியும். அவருக்கும் தெரிந்திருக்கும். தெரிந்தும் எழுதியிருக்கிறார்.